முப்பத்தோராம் கட்டம்

பகாவுக்கு வெளியே, செம்பனை ஆலையின் எடைமேடையில்
எனக்கு இரவு வேலை.
லோரி ஏறும். எண் நடுங்கும். நிற்கும்.
சீட்டு அடித்துக் கொடுப்பேன்.
பத்தரைக்கு மேல் ஒரு லோரிக்கும் அடுத்த லோரிக்கும் நடுவே
அரைமணி கிடைக்கும், சில நாள் முக்கால்மணி.
அதற்காகத்தான் கிதாரைக் கொண்டுவருகிறேன்.

என் வலக்கை நகங்களைப் பற்றி
ஆலையில் எல்லாருக்கும் ஒரு கருத்து உண்டு.
"பொண்ணு பாக்கப் போறப்ப
கைய பாக்கெட்டுலயே வச்சிக்க"
என்பார் போர்மேன் இருதயசாமி.
மோதிரவிரல் நகம் போன மாதம்
அலுவலகக் கதவில் பிளந்துபோனது.
பிங்பாங் பந்தில் ஒரு துண்டு வெட்டிப்
பசை வைத்து ஒட்டியிருக்கிறேன்.
முதல் கம்பியை அது தொடும்போது மட்டும்
ஒலி கொஞ்சம் ஆரஞ்சு நிறம்.

புத்தகத்தில் பன்னிரண்டு பயிற்சிகள்.
சிரம்பானில் வாங்கிய நகலின் நகல்.
எழுதியவர் ஏதோ குளிர்நாட்டில்
இன்னும் உயிரோடிருக்கிறார்.
விரலுக்கான பயிற்சிதான், ஆனால்
மேடையிலும் வாசிக்கலாம் என்கிறது முன்னுரை.
குழந்தை நடை பழகுவதைப் பார்க்க
டிக்கெட் போட்டு ஊரைக் கூட்டுவதுபோல.

ஏழாவது பயிற்சி
ஐந்தும் ஏழுமாக நொண்டும்.
தகதகிட, தகிடதகதிமி என்று சொல்லிப் பார்த்தேன்.
இரண்டு வரி கூடவே வந்தது,
மூன்றாம் வரியில் என் தாளத்தைக்
கழற்றிவிட்டுப் போய்விட்டது.
கட்டைவிரல் ஆறாம் கம்பியில் ஒரே சுரத்தைப் பிடித்திருக்க
மேலே மூன்று விரல்கள் வழக்காடும்.
சுண்டுவிரலுக்கு வேலை எழுதப்படவில்லை.
பெர்மிட் இல்லாத ஆளைப்போல்
ஓரமாய் நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருக்கும்.

முப்பத்தோராம் கட்டத்தில்
இடக்கை ஐந்தாம் மெட்டிலிருந்து
பன்னிரண்டாம் மெட்டுக்குத் தாவவேண்டும்,
பார்க்காமல், நிற்காமல்.
நான் நின்றேன்.
நான்கு மாதம் அங்கேயே நின்றேன்.
நின்று, மூச்சு வாங்கி,
"ச்சை" என்று சொல்லி,
பிறகு தாவினேன்.

லொம்போக்கிலிருந்து வந்த சஹ்ருல்
லோரியை வரிசையில் போட்டுவிட்டு
கிராம்பு சிகரெட்டோடு ஜன்னலோரம் உட்காருவான்.
முதல் வாரம் கேட்டான்:
"பாட்டு எப்போது ஆரம்பிக்கும்?"
அப்புறம் கேட்பதை விட்டுவிட்டான்.
ஆரம்பித்துவிட்டது என்று நினைத்தானோ,
ஆரம்பிக்கவே போவதில்லை என்றோ.

செவ்வாய்க்கிழமை, பதினொன்றே கால்.
மழை விட்டிருந்தது.
ஈரத்தில் இறங்கிப்போன கம்பிகளை
ஏற்றிக்கொண்டு தொடங்கினேன்.
முப்பத்தொன்று வந்தது.
கை போய் உட்கார்ந்தது,
தன் வீட்டு நாற்காலியில் உட்காருவதுபோல.
எனக்கே தெரியவில்லை,
முப்பத்தாறில்தான் உறைத்தது.
கடைசிவரை போனேன்.

சஹ்ருல் எழுந்து வந்தான்.
"அபாங், இன்றைக்கு ஏதோ குறையுதே."
"எங்கே?"
கண்ணாடியில் விரலால் தட்டிக் காட்டினான்.
ஐந்து. ஏழு. ஐந்து.
அங்கே நிறுத்தித் தலையைக் குனிந்தான்.
ஒரு மூச்சு.
ஒரு "ச்சை",
சாசானில் வாய் வைத்த சரியான தமிழ் "ச்சை".
அப்புறம் தாவல்.
என் பிசகைப் பிசகில்லாமல் வாசித்தான்.

"அந்த இடம் வரும்வரை
தூங்காமல் இருப்பேன்" என்றான்.

அவன் லோரி ஏறியது.
பதினெட்டாயிரத்து நானூறு, அறுபது, நாற்பது,
நின்றது.
சீட்டைக் கொடுத்தேன்.

பென்சிலை எடுத்து
முப்பத்தோராம் கட்டத்தின் தலையில்
மூச்சுக்கு ஒரு சின்னக் கமா போட்டேன்.
குளிர்நாட்டுக்காரர் பார்க்கப் போவதில்லை.
அந்த "ச்சை"யை மட்டும்
எந்தக் கோட்டில் எழுதுவதென்று
இன்னும் தெரியவில்லை.